உரியும் பட்டை, வெடிக்கும் பட்டை

பீங்கான் வேலை தெரிந்தவர்களுக்கு இரண்டு குறைகளைக் கண்டால் ஆகாது. ஒன்று, கோப்பையின் மேல் பூசிய கிளேஸ் மெல்லிய கோடுகள் விட்டு வலைக்கண்களாக வெடித்திருப்பது. மற்றது, கோப்பையின் விளிம்பிலும் கைப்பிடி வளைவிலும் கிளேஸ் செதில் செதிலாகப் பெயர்ந்து வருவது. இரண்டுக்கும் மூலம் ஒன்றுதான். சூளை ஆறும்போது உள்ளே இருக்கும் மண்ணும் மேலே இருக்கும் கிளேஸும் ஒரே அளவில் சுருங்கவில்லை. கிளேஸ் கூடுதலாகச் சுருங்கினால், உடலைச் சுற்ற அது போதாமல் இழுபட்டு வெடிக்கும். குறைவாகச் சுருங்கினால், இடம் போதாமல் நெருக்குண்டு தெறிக்கும். செராமிக் தொழிற்பேட்டையும் பீங்கான் தொழில்நுட்பம் கற்றுத்தரும் அரசுப் பயிலகமும் இருக்கிற விருத்தாசலத்தில் இது பாலபாடம். நெய்வேலிப் பக்கத்து வெள்ளைக் களிமண்ணில் அகல்விளக்கும் பொம்மையும் பியூஸ் கட்டையும் செய்கிற ஊர் அது.

அதே ஊரில் இந்த இரண்டையும் மரங்களிலும் பார்க்கலாம். பழமலைநாதர் கோயிலின் தலமரம் வன்னி. கோயில் திருப்பணி செய்தவர்களுக்கு விபசித்து முனிவர் வன்னி இலையை உருவிக் கூலியாகக் கொடுத்தார், அவரவர் உழைப்புக்கு ஏற்ப அது பொன்னானது என்று தலபுராணம் சொல்லும். இலையைப் பற்றிக் கதை உண்டு. பட்டையைப் பற்றி யாரும் பேசுவதில்லை. வயதான வன்னியின் பட்டை தடித்து, சாம்பல் பூத்து, விரல் நுழையும் அளவுக்கு ஆழ ஆழமாக வெடித்திருக்கும். ஊரை விட்டு வெளியே வந்தால் செம்மண் மேடுகளில் முந்திரியும் தைலமரமும். தைலமரத்தின் அடிமரத்தைப் பாருங்கள். வெடிப்பே கிடையாது. நீள நீளமான பட்டைத் துண்டுகள் சுருண்டு தொங்கிக் கீழே விழுந்து கிடக்கும். அவை விழுந்த இடம் வழவழவென்று வெளிர் சாம்பலாகவோ, இளஞ்சிவப்பு கலந்த வெள்ளையாகவோ இருக்கும். வன்னி வெடிக்கிற மரம், தைலமரம் உரிகிற மரம். சூளைக்காரர் இரண்டையும் கழித்துக் கட்டுவார். மரத்துக்கோ இரண்டும் பிழைக்கும் வழிகள்.

மரம் எப்படிப் பருக்கிறது என்பதைத் தெரிந்துகொண்டால் இது புரியும். பட்டைக்கும் கட்டைக்கும் நடுவே கேம்பியம் என்ற மெல்லிய வளர்படை ஒன்று மரத்தைச் சுற்றி ஓடுகிறது. அது உட்பக்கமாகக் கட்டையையும் வெளிப்பக்கமாக, இலையில் சமைத்த உணவைக் கீழே கொண்டுபோகும் ஃபுளோயத்தையும் உண்டாக்குகிறது. அதற்கும் வெளியே இன்னொரு வளர்படை: தக்கை கேம்பியம். இதன் வேலை வெளிப்பக்கமாகத் தக்கைச் செல்களை அடுக்கிக்கொண்டே போவது. அந்தச் செல்களின் சுவரில் சூபரின் என்ற மெழுகுத்தன்மையுள்ள பொருள் ஏறும். ஏறியதும் செல் செத்துவிடும், சுவர் மட்டும் நிற்கும். தண்ணீர் ஊடுருவாது, பூஞ்சை எளிதில் அரிக்காது. 1665இல் ராபர்ட் ஹூக் நுண்ணோக்கியில் வைத்துப் பார்த்து ‘செல்’ என்று பெயரிட்டது இந்தச் செத்த அறைகளைத்தான். அவர் சீவி வைத்தது ஒரு தக்கைத் துண்டு. சூபரின் எவ்வளவு கெட்டி என்றால், பழுப்பு நிலக்கரியை நுண்ணோக்கியில் ஆராய்கிறவர்கள் தக்கைச் சுவர்களிலிருந்து வந்த துகளுக்கு சுபரினைட் என்று தனிப்பெயரே வைத்திருக்கிறார்கள். மரம் மட்கி, மண்ணுக்குள் அமுங்கி, கோடி ஆண்டு கடந்தும் அதன் பட்டைச் சுவரை அடையாளம் காண முடிகிறது.

ஆக, பட்டையின் வெளிப்புறம் செத்த பொருள். உள்ளே இருப்பது உயிருள்ள, ஆண்டுதோறும் பருக்கிற உடல். செத்தது விரியாது. ஒருநாள் அது வழிவிட்டே ஆகவேண்டும்.

கிளேஸ் உவமை இந்த இடத்தோடு நின்றுவிடுகிறது. சூளையிலிருந்து வந்த கோப்பை மேற்கொண்டு பருக்கப்போவதில்லை. மரத்தில் இழுவிசை ஓயவே ஓயாது. அப்படியானால் எல்லா மரமும் வெடிக்கத்தானே வேண்டும், சிலது மட்டும் ஏன் உரிகிறது? பட்டையின் உள்ளமைப்பில் இருக்கிறது விடை. வன்னி, வேம்பு, புளி போன்றவற்றில் பழைய தக்கை அடுக்குகள் ஒன்றோடொன்று இறுகப் பற்றிக்கொண்டு நிற்கும். இழுபடும்போது செங்குத்தாகப் பிளவு விழும், ஆனால் துண்டுகள் கழன்று விழா. தைலமரத்திலோ பழைய தக்கைக்கு உள்ளே புதிதாக ஒரு தக்கை கேம்பியம் தோன்றி, புதிய சுவர் ஒன்றை எழுப்புகிறது. அந்தச் சுவருக்கு வெளியே மாட்டிக்கொண்ட திசுவுக்குத் தண்ணீரும் இல்லை, உணவும் இல்லை. அது காய்ந்து, சுருங்கி, இரண்டு அடுக்குக்கும் இடையே உள்ள நொய்ந்த செல் வரிசையில் கழன்றுகொள்கிறது. இலைக்காம்பின் அடியில் மரமே ஒரு தடுப்பைக் கட்டிவிட்டு இலையை உதிர்ப்பதும் இதே கணக்குத்தான். உரிதல் என்பது காயம் அன்று, மரமே நாள் குறித்துச் செய்யும் கழிவு.

எந்த வடிவத்தில் உரியும் என்பதையும் அந்த வளர்படையே தீர்மானிக்கிறது. அது மரத்தைச் சுற்றி முழு வளையமாக அமைந்தால் பட்டை நாடாவாகவோ குழலாகவோ வரும். சிறுசிறு கிண்ண வடிவங்களாக ஒன்றன்மேல் ஒன்று ஏறி அமைந்தால் செதில்களாக உதிரும்.

தைலமரம் ஆஸ்திரேலியாக்காரர். நீலகிரிக்கு 1843இல் வந்தது. அதற்கும் முன்பே, 1790 வாக்கில், திப்பு சுல்தான் காலத்தில் நந்தி மலைத் தோட்டத்துக்கு விதை வந்ததாகச் சொல்கிறார்கள். அந்த நந்தி மலை வழியில் பெருகியதுதான் மைசூர் கம் என்ற பெயரில் தென்னாட்டுச் சமவெளிகளில் பரவியது. காகிதக் கூழுக்காக இதை வளர்க்கிறோம். இதில் ஒரு வேடிக்கை உண்டு. காகிதம் மாதிரி உரிகிற பட்டை, காகித ஆலைக்கு வேண்டாத சரக்கு. பட்டை கலந்தால் கூழில் கரும்புள்ளி விழும், வெளுக்க ரசாயனமும் கூடுதலாகச் செலவாகும். அதனால் வெட்டிய தோப்பிலேயே பட்டையை உரித்துவிட்டுத்தான் கட்டையை லாரியில் ஏற்றுகிறார்கள். அன்றே உரித்தால் சுலபமாக வரும், காய விட்டால் கட்டையோடு ஒட்டிக்கொள்ளும் என்பது வெட்டுக்காரர்கள் எல்லோருக்கும் தெரியும். ஈரம் காயாத கேம்பியம் கூழாக வழுக்குவதே காரணம். ஆனால் கவனியுங்கள், அரிவாளால் உரிப்பது கேம்பியம் வரைக்கும் போகிற உரிப்பு. மரம் தானாக உரிப்பது அதற்கு வெகு வெளியே, செத்த பகுதியில் மட்டும். உயிரோடு நிற்கும் மரத்தில் முன்னதைச் சுற்றிவளைத்துச் செய்தால் வேருக்கு உணவு போகாமல் மரம் பட்டுப்போகும். பின்னதால் ஒரு சொட்டுச் சாறு கூடச் சிந்தாது.

தைலமரம் தண்ணீரை உறிஞ்சுகிறதா, அதை இங்கே வளர்க்கலாமா என்பது பெரிய வழக்கு. பட்டையைப் பற்றிய கட்டுரையில் அதற்கு இடமில்லை.

சரி, இவ்வளவு பாடுபட்டுச் செய்த பட்டையை மரம் ஏன் வீசி எறிய வேண்டும்? முதலில், அழையா விருந்தாளிகளைத் துரத்த. வெடிப்புள்ள பட்டையில் பாசி படியும், கல்பாசி ஒட்டும், பறவை எச்சத்தில் வந்த ஆல விதை இடுக்கில் முளைக்கும். பூச்சி முட்டையிடவும் அந்த இடுக்கு வசதி. விருத்தாசலம் வட்டார முந்திரி விவசாயிகளுக்கு இதை விளக்கவே வேண்டாம். முந்திரியைக் கொல்லும் தண்டு மற்றும் வேர்த் துளைப்பான் வண்டு, அடிமரத்துப் பட்டையின் பிளவுகளில்தான் முட்டை வைக்கிறது. புழு உள்ளே புகுந்து, பட்டைக்கு அடியில் உயிர்த்திசுவைத் தின்றுகொண்டே சுற்றி வரும். பிசினும் சக்கையும் வெளியே தள்ளுவதைப் பார்க்கும்போது பாதி மரம் போயிருக்கும். மேற்பரப்பை அடிக்கடி புதுப்பிக்கிற மரத்தில் இப்படி ஒட்டிக்கொள்ள இடம் குறைவு.

அடுத்தது வெளிச்சம். கொய்யா மரத்தடியில் நின்று, செம்பு நிறத்தில் சுருண்டிருக்கும் ஒரு செதிலை மெல்ல எடுத்துவிட்டுப் பாருங்கள். கீழே வழவழப்பான, பசுமை கலந்த பரப்பு தெரியும். நகத்தால் லேசாகக் கீறினால் இன்னும் பச்சை. அது பச்சையம்தான். தண்டில் இருக்கும் பச்சையமும் உணவு சமைக்கிறது, தடித்த தக்கை மூடினால் அதற்கு வெளிச்சம் எட்டாது. இந்த வித்தையில் நம் ஊர்க் கிளுவைதான் கெட்டிக்காரி. வறண்ட பாறைக் குன்றுகளில் வளரும் பச்சைக்கிளுவையின் அடிமரம் பெயருக்கேற்ற பச்சை. அதன்மேல் எண்ணெய்த்தாள் போல மெல்லிய ஏடுகள் உரிந்துகொண்டே இருக்கும். ஆண்டில் பல மாதங்கள் இலையே இல்லாமல் நிற்கிற மரம் இது. அந்த மாதங்களில் தண்டின் பச்சையம், மரத்தின் உயிர்ச்செல்கள் மூச்சில் விடும் கரியமில வாயுவை வெளியே போகவிடாமல் பிடித்து மறுபடியும் சர்க்கரையாக்குகிறது. இலைத்துளைகளைத் திறக்க வேண்டாததால் தண்ணீரும் ஆவியாகாது. தூசு படிந்த பழைய ஏடு உரிந்து விழுந்தால் சன்னல் துடைத்தாயிற்று. இதன் உறவான முள்கிளுவையைக் கொங்கு நாட்டு மேய்ச்சல் நிலங்களான கொறங்காடுகளில் உயிர்வேலியாக நட்டிருக்கிறார்கள். கொம்பை ஒடித்து ஊன்றினால் துளிர்க்கும், காங்கேயம் மாடுகளை உள்ளே நிறுத்தும், கோடையிலும் சாகாது. வேலியாக மட்டுமே அதைப் பார்த்துவிட்டுப் போகிறோம். என்னைக் கேட்டால் தமிழ்நாட்டின் மிகச் சிக்கனமான மரம் அது.

மூன்றாவது, குப்பை. டானின், கால்சியம் ஆக்சலேட் படிகங்கள் போன்ற பல பொருள்களை மரம் பட்டையில் கொண்டுபோய்ச் சேர்க்கிறது. பட்டை உதிரும்போது அவையும் போகின்றன. இந்த மூன்றில் எது தலையாய காரணம் என்பதில் ஆய்வாளர்களிடையே ஒருமித்த கருத்து இல்லை. மரத்துக்கு மரம் மாறும் என்பதே பொருத்தமாகப் படுகிறது.

உரியும் மரங்களைப் பட்டியல் போட்டால் ஒரு குடும்பக் கூட்டம் தெரியும். தைலமரமும் கொய்யாவும் நாவலும் மிர்ட்டேசி குடும்பம். காவிரிக் கரையில் வெள்ளை வெளேரென்று நிற்கும் நீர்மருது, முதுமலைக் காட்டு வெண்தேக்கு ஆகியவை வேறு வேறு குடும்பங்கள் என்றாலும், எல்லாம் மிர்ட்டேல்ஸ் என்ற ஒரே பெருவரிசையில் அடங்குகின்றன. கிளுவையும் குங்கிலிய மரமும் இன்னொரு குடும்பம். பிசினும் மணமும் அவர்கள் சொத்து. நீர்மருதின் பட்டை இதயத்துக்கு மருந்தென்று சித்த, ஆயுர்வேத வைத்தியர்கள் நெடுங்காலமாகக் கொடுத்துவருகிறார்கள். திருவிடைமருதூரின் தலமரமும் மருதுதான். தகடு தகடாகப் பட்டையை உதிர்க்கும் அந்த மரத்தின் அடிமரம் எத்தனை வயதானாலும் இளமையாகவே தோன்றும்.

உரிவதில் நட்டமும் உண்டு. அது நெருப்பு. முதுமலையில் வெண்தேக்குக்குப் பக்கத்திலேயே கருமருது நிற்கும். அதன் பட்டை முதலைத் தோலாகக் கட்டம் கட்டமாக வெடித்துத் தடித்திருக்கும். கோடையில் தரையோடு தவழும் காட்டுத்தீயில் கேம்பியம் வேகாமல் காப்பது இந்தத் தடிமன்தான். பட்டை இரண்டு மடங்கு தடித்தால் வெப்பம் உள்ளே போய்ச்சேரும் நேரம் ஏறத்தாழ நான்கு மடங்காகும். மெல்லிய பட்டைக்காரருக்கு அந்தக் காப்பு கிடையாது. ஆஸ்திரேலியாவிலோ கதை தலைகீழ். அங்கே சில தைலமர (யூகலிப்டஸ்) இனங்களின் நீண்ட பட்டை நாடாக்கள் பெருந்தீயில் பற்றி, காற்றில் ஏறி, 30 கிலோமீட்டருக்கு அப்பாலும் போய் விழுந்து புதிய தீயை மூட்டியிருக்கின்றன. அதே நாட்டு மெலலூக்கா வேறு ஒரு வழி கண்டிருக்கிறது. அதன் பட்டை உரியும், ஆனால் விழாது. டஜன் கணக்கில் மெல்லிய தாள்கள் ஒன்றன்மேல் ஒன்றாக மெத்தையாகி மரத்திலேயே தங்கிவிடும். ஆஸ்திரேலியப் பழங்குடியினர் அதில் குழந்தையைக் கிடத்தினார்கள், குடிசை வேய்ந்தார்கள், உணவைச் சுற்றிச் சுட்டார்கள்.

தாள் போல இருப்பதில் எழுதிப் பார்க்கலாமே என்று யாருக்காவது தோன்றியிருக்குமே? தோன்றியது, ஆனால் தமிழ்நாட்டில் அன்று. நமக்குப் பனையோலை இருந்தது. (பனைக்கு இந்த மாதிரிப் பட்டையே கிடையாது. அது ஒருவித்திலைத் தாவரம்; இங்கே சொன்ன இரண்டு வளர்படைகளும் அதற்கு இல்லை.) இமயமலையில், மரங்கள் வளரும் கடைசி உயரத்தில் நிற்கும் பூர்ஜ மரத்தின் பட்டை வடநாட்டார் கைக்குக் கிடைத்தது. தெற்கே ஓலையிலும் வடக்கே மரப்பட்டையிலும் எழுதுகிறார்கள் என்று பதினோராம் நூற்றாண்டில் அல்-பிரூனி குறித்துவைத்திருக்கிறார். அந்தப் பட்டையில் தடித்த சுவர்ச் செல்களும் மெல்லிய சுவர்ச் செல்களும் மாறி மாறி அடுக்கியிருக்கும். மெல்லிய வரிசை எங்கே இருக்கிறதோ அங்கே ஏடு பிரியும். வெள்ளை நிறம் பெட்யூலின் என்ற பொருளால் வருவது. இதை 1788இலேயே பிரித்தெடுத்துவிட்டார்கள். பனிக்காலப் பகல் வெயிலைத் திருப்பியடித்து, இரவு உறைகுளிரில் மரம் பிளக்காமல் அந்த வெண்மை காக்கிறது. பூஞ்சையையும் அண்டவிடாது.

அது எவ்வளவு தாங்கும் என்பதற்கு இரண்டு சான்றுகள். 1881இல் பெஷாவர் அருகே பக்ஷாலி என்ற ஊரில், பூர்ஜப் பட்டையில் எழுதிய கணித நூல் ஒன்று மண்ணிலிருந்து கிடைத்தது. எஞ்சியவை 70 ஏடுகள். அவற்றில் சுழியத்துக்கு ஒரு புள்ளி வைத்திருக்கிறார்கள். இப்போது ஆக்ஸ்ஃபோர்டு போட்லியன் நூலகத்தில் இருக்கிறது. இன்னொன்று, 1994இல் பிரிட்டிஷ் நூலகத்துக்கு வந்த காந்தாரி மொழிப் பௌத்தச் சுருள்கள். ஏறத்தாழ 2000 ஆண்டு பழமையானவை. அவற்றைச் சுட்ட மண்பானைகளுக்குள் வைத்துப் புதைத்திருந்தார்கள். மரத்தின் செத்த தோலும் சூளையில் சுட்ட மண்ணும் சேர்ந்து அந்த எழுத்தைக் காப்பாற்றியிருக்கின்றன. பீங்கான் ஊர்க்காரர்கள் இதைச் சொல்லிப் பெருமைப்பட்டுக்கொள்ளலாம்.

இராமாயணத்து மரவுரியை இதோடு குழப்பிக்கொள்ள வேண்டாம். மரவுரி உள்பட்டையின் நாரை அடித்துத் துவைத்துச் செய்வது. எழுதிய ஏடு வெளிப்பட்டை. பாட்டில் மூடிக்கு வரும் தக்கையும் வெளிப்பட்டைதான். போர்ச்சுகலில் தக்கை ஓக் மரத்தை ஒன்பது ஆண்டுகளுக்கு ஒருமுறைதான் உரிக்கலாம் என்று சட்டமே இருக்கிறது. உள்பட்டையைத் தொடாமல் உரிப்பதால் மரம் சாகாமல் மறுபடியும் தக்கை கட்டுகிறது. மருதம்பட்டை எடுப்பவர்கள் இந்த நிதானத்தைக் கடைப்பிடித்தால் நம் ஆற்றங்கரைகளில் மொட்டையாகப் பட்டுப்போன மருதுகள் குறையும்.

வீட்டுத் தோட்டம் வைத்திருப்பவர்களுக்கு ஒரு வார்த்தை. கொய்யாவிலோ மருதிலோ தைலமரத்திலோ பட்டை உரிந்து, கீழே வழவழப்பான புதுப்பட்டை தெரிந்தால் மருந்து அடிக்காதீர்கள், சுண்ணாம்பு பூசி மூடாதீர்கள், மிச்சத்தையும் பிய்த்து ‘சுத்தம்’ செய்யாதீர்கள். மா, வேம்பு, முந்திரி போன்ற உரியாத மரத்தில் பட்டை பெயர்ந்து, கீழே ஈரமோ பிசினோ மரத்தூளோ கருத்த கட்டையோ தெரிந்தால் அது நோய் அல்லது துளைப்பான், அன்றைக்கே கவனியுங்கள். முந்திரி என்றால் விருத்தாசலத்திலேயே வேளாண்மைப் பல்கலைக்கழகத்தின் மண்டல ஆராய்ச்சி நிலையம் இருக்கிறது, போய்க் கேளுங்கள்.